மூலை மடித்த படிவங்கள்

போன சனிக்கிழமை காலை. சாப்பாட்டு மேஜையில் பிரிண்ட் எடுத்த ஒரு பேப்பர் கிடந்தது. என் வீட்டுக்காரர் அதை எடுத்துப் படிக்க ஆரம்பித்தார்.

அவரைப் பற்றி இந்தப் பக்கத்தைத் தொடர்ந்து படிக்கிறவர்களுக்குத் தெரியும். மாத்திரை டப்பாவுக்குள் எட்டாக மடித்து ஒரு சீட்டு வைத்திருப்பார்களே... அதையும் கடைசி வரி வரை படிக்கிற மனுஷன். வடை சுற்றி வந்த காகிதத்தைக்கூட எண்ணெயைத் துடைத்துவிட்டுப் படிப்பார்.

"ஏம்மா, மாடியில இருக்கற பொண்ணுக்குக் காது கேக்காதுன்னு சொன்னேல்ல?"

இதை அவர் மூன்று தடவை கேட்டாராம். மூன்றாவது தடவைதான் நான் திரும்பினேனாம். மிக்ஸி ஓடிக்கொண்டிருந்தது என்று நான் சொல்கிறேன். மிக்ஸி நின்று ரொம்ப நேரம் ஆச்சு என்று அவர் சொல்கிறார். அந்த வழக்கு இருக்கட்டும்.

"ஆமா. அதுக்கென்ன இப்போ?"

"இந்த அப்ளிகேஷன்ல 'மாற்றுத்திறனாளியா'ங்கற இடத்துல 'இல்லை'ன்னு இருக்கே?"

கையில் இருந்த கரண்டியை அப்படியே வைத்துவிட்டு ஓடி வந்து பார்த்தேன். இருந்தது. பளிச்சென்று, கொட்டை எழுத்தில், 'இல்லை'.

அந்தப் படிவத்தை நிரப்பும்போது பக்கத்தில் உட்கார்ந்திருந்தது யார்? நான். வரி வரியாகச் சரிபார்த்தது? நான். "எல்லாம் கரெக்டா இருக்கு, சப்மிட் கொடு" என்று பெருமையாகச் சொன்னது? அதே மகராசிதான்!

படிவம் என்றால் நான் யார் என்பதை இங்கே கொஞ்சம் சொல்லியாக வேண்டும். ஓசூரில் ஒரு ஃபேக்டரியின் டைம் ஆபீஸில், அதாவது ஆள் எடுப்பு, வருகைப் பதிவு எல்லாம் பார்க்கிற இடத்தில், இருபத்தாறு வருஷம் இருந்தவள். வேலை கேட்டு வருகிற எல்லோருடைய படிவமும் என் மேஜை வழியாகத்தான் உள்ளே போகும். நீல மையா, கறுப்பு மையா, இன்ஷியல் முன்னாலா பின்னாலா... ஒன்று விடமாட்டேன். அடித்து எழுதினால் பக்கத்தில் கையெழுத்துப் போட வேண்டும். போடாமல் ஒருத்தர் தாண்ட முடியாது. ரிடையர் ஆகி மூன்று வருஷம் ஆகிறது. இப்போதும் மூக்கண்டப்பள்ளியில் எங்கள் தெருவில் யாருக்கு எந்தப் படிவம் என்றாலும் நம் வீட்டு காலிங் பெல்தான் அடிக்கும்.

மஞ்சுளா எங்கள் மாடி ரூமில் குடியிருக்கிற மூன்று பெண்களில் ஒருத்தி. சொந்த ஊர் தளிப் பக்கம். வீட்டில் கன்னடம். இருபத்தெட்டு வயது. கார் பாகங்கள் செய்கிற ஒரு கம்பெனியில், இரும்புத் தகட்டை மெஷினில் இடி மாதிரி அடித்து வளைக்கிற ப்ரெஸ் ஷாப்பில், காண்ட்ராக்ட் வேலை. காதுக்குப் பின்னால் அவள் ஒரு சின்ன மெஷின் வைத்திருப்பது எனக்குத் தெரியும். மொட்டை மாடியில் தலை காய வைக்கும்போது பார்த்திருக்கிறேன். அவளாகச் சொல்லவில்லை. நானாகக் கேட்கவில்லை. கேட்காமல் இருப்பதுதான் நாகரிகம் என்று ஒரு எண்ணம்.

ஷிஃப்ட் முடிந்து வந்து, மாடிப்படியில் உட்கார்ந்து பொது அறிவு கைடைப் படித்துக்கொண்டே இருப்பாள். அரசு அலுவலக உதவியாளர் வேலைக்கான தேர்வு. இரண்டு தடவை எழுதிவிட்டாள். இரண்டு தடவையும் கொஞ்சத்தில் போய்விட்டது. இது மூன்றாவது. "எப்படியாவது அந்த ப்ரெஸ் ஷாப்ப விட்டு வெளிய வந்துடணும் ஆன்ட்டி" என்பாள். ஏன் இவ்வளவு அவசரம் என்றும் நான் கேட்டதில்லை.

இந்தத் தடவை என் லேப்டாப்பில்தான் விண்ணப்பம் போட்டோம். வரிசையாகக் கேள்விகள் வந்தன. முன்னாள் படைவீரரா? இல்லை. ஆதரவற்ற விதவையா? இல்லை. மாற்றுத்திறனாளியா? இல்லை. ஏற்கெனவே அரசுப் பணியில் உள்ளவரா? இல்லை. குற்ற வழக்கு உண்டா? இல்லை. டக் டக் டக்கென்று போனாள். என் கண்ணும் அவள் விரலோடு போனது. ஒரு இடத்தில்கூட நிற்கவில்லை.

இரண்டு பேரும் படித்தவர்கள். அவள் காதில் மெஷின் இருக்கிறது. அது எனக்குத் தெரிந்தும் இருக்கிறது. மாற்றுத்திறனாளிகளுக்கு அந்தத் தேர்வில் தனி இட ஒதுக்கீடு உண்டு என்பதும் எனக்கு அத்துப்படி. அப்புறம் எப்படி?

சனிக்கிழமை காலை எனக்கு அதை யோசிக்க நேரம் இல்லை. விண்ணப்பத் தேதி முடிந்து, திருத்தம் செய்ய மூன்று நாள் கொடுத்திருந்தார்கள். வெள்ளி ஒரு நாள் போச்சு. சனி ஓடுகிறது. ஞாயிறோடு கதவு மூடிவிடும். அவளுக்கோ முதல் ஷிஃப்ட். உள்ளே போகும்போதே செல்போனை லாக்கரில் வாங்கி வைத்துக்கொள்வார்கள். மெசேஜ் மேல் மெசேஜ் போட்டேன். ஒன்றையும் பார்க்கவில்லை. மூன்று மணி வரை நான் வீட்டுக்கும் வாசல் கேட்டுக்கும் நடந்ததில், "நடைப்பயிற்சிக்குப் பார்க்குக்குப் போகவே வேணாம் போல" என்றார் வீட்டுக்காரர்.

மூன்றேகாலுக்கு வந்தாள். பேப்பரைக் காட்டினேன். அந்த வரியில் விரலை வைத்தேன்.

பார்த்தாள். பதறுவாள் என்று நினைத்தேன். பதறவில்லை.

"எப்பவும் இப்படித்தானே ஆன்ட்டி போடுவேன்" என்றாள்.

"எப்பவுமா? முன்னாடி ரெண்டு தடவையும்?"

"ம். எந்த ஃபார்ம்னாலும் அந்த இடத்துல 'இல்லை'தான். கை தானா போயிடும்."

பிறகு உட்கார்ந்து சொன்னாள். பத்தொன்பது வயதில், டிப்ளமோ முடித்துவிட்டு, ஊரிலிருந்து ஐந்து பெண்களாக ஒரே பஸ்ஸில் ஓசூர் வந்து ஒரு கம்பெனியில் படிவம் கொடுத்தார்களாம். 'உடல் குறைபாடு ஏதேனும் உண்டா' என்று இருந்ததாம். 'ஆம், இரண்டு காதிலும் கேட்கும் திறன் குறைவு' என்று எழுதினாளாம். உள்ளதைத்தானே கேட்கிறார்கள் என்று! மற்ற நாலு பேருக்கும் ஒரே வாரத்தில் போன் வந்தது. இவளுக்கு வரவில்லை. அடுத்த கம்பெனியில் 'இல்லை' என்று எழுதினாள். மறுநாளே வேலை.

"சரி, வேலை செய்யற இடத்துல யாரும் கண்டுபிடிக்கலையா?"

சிரித்துவிட்டாள். "ப்ரெஸ் ஷாப்ல யாருக்குத்தான் காது கேக்குது ஆன்ட்டி? எல்லாரும் கையைக் காட்டித்தான் பேசுவாங்க. அங்க நானுதான் ஃபர்ஸ்ட் க்ளாஸா பேசறவ!"

வருஷம் ஒரு தடவை மெடிக்கல் கேம்ப் வருமாம். ஹெட்போன் மாட்டி, சத்தம் கேட்டால் பட்டனை அமுக்கச் சொல்வார்களாம். "டெஸ்ட் பண்ற அக்கா விரலையே பார்த்துக்கினு இருப்பேன். விரல் அசைஞ்சா அமுக்கிடுவேன். 'ஃபிட்'னு எழுதிடுவாங்க."

எனக்கும் சிரிப்பு வந்தது. ஆனால், அவள் அடுத்துச் சொன்னதில் அது அப்படியே நின்றுவிட்டது.

"போன மாசம் டாக்டர்ட்ட போனேன். இன்னும் குறைஞ்சிருக்காம். இந்தச் சத்தத்துலயே நின்னா, மிச்சம் இருக்கறதும் போயிடும்னு சொல்லிட்டாரு. கம்பெனியில வேற டிபார்ட்மென்ட் கேக்கலாம். ஆனா ஏன்னு கேப்பாங்களே... என்னன்னு சொல்றது?"

காது கேட்காது என்று சொன்னால் வேலை போகும். சொல்லாவிட்டால் காது போகும். இந்தப் பரீட்சை ஒன்றுதான் அவளுக்கு வெளியே போகிற வழி. அதிலும் அந்த ஒரு கட்டத்தில் நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து பூட்டைப் போட்டுவிட்டு வந்திருக்கிறோம்.

இங்கே நான் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பல வருஷமாக இந்தப் பத்தியில் ஊர்க்கதை எல்லாம் பேசியிருக்கிறேன். இதைப் பேசியதில்லை.

எங்கள் டைம் ஆபீஸில் ஒரு பழக்கம் இருந்தது. எந்தச் சுற்றறிக்கையிலும் கிடையாது. எனக்கு முன்னால் இருந்தவர் எனக்குச் சொல்லிக் கொடுத்தார். எனக்குப் பின்னால் வந்த பெண்ணுக்கு நான் சொல்லிக் கொடுத்தேன். 'உடல் குறைபாடு உண்டா' என்ற இடத்தில் யாராவது 'ஆம்' என்று எழுதியிருந்தால், அந்தப் படிவத்தின் வலது மேல் மூலையைச் சின்னதாக மடித்து வைக்க வேண்டும். அவ்வளவுதான். கிழிக்க மாட்டோம், நிராகரிக்கவும் மாட்டோம். மூலை மடித்த படிவத்துக்குப் போன் போகாது. மற்றபடி ஃபைலில் பத்திரமாகத்தான் இருக்கும்.

எத்தனை மடித்திருப்பேன்? எண்ணியதில்லை. 'இல்லை' என்று இருந்தால் கண் தாண்டிப் போகும். 'ஆம்' என்று இருந்தால் மட்டும் நிற்கும். இருபத்தாறு வருஷம் அப்படியே பழகிய கண்ணுக்கு, அன்றைக்கு லேப்டாப்பில் தெரிந்த 'இல்லை' சரியாகத்தானே தெரியும்? தப்பாகத் தெரிந்திருந்தால்தான் ஆச்சரியம். அவள் கையை 'இல்லை' போடப் பழக்கியது என்னை மாதிரி ஆட்கள். அன்றைக்கு நானே பக்கத்தில் உட்கார்ந்து அதைச் சரிபார்க்கவும் செய்தேன்.

மஞ்சுளாவிடம் இதைச் சொன்னேன். மூலையை மடிக்கிற கதையை, எதையும் மறைக்காமல், அவள் முகத்தைப் பார்த்துச் சொன்னேன். கேட்டுக்கொண்டே இருந்தாள்.

நீ 'ஆம்' என்று எழுதிக் கொடுத்தாயே, அது எந்தக் கம்பெனி? இந்தக் கேள்வி என் வாய் வரை வந்தது. கேட்கவில்லை. நாகரிகம் எல்லாம் இல்லை, பயம்.

அவள்தான் எழுந்தாள். "கார்டு தளியில இருக்கு ஆன்ட்டி. நாளைக்குப் போயி எடுத்துட்டு வந்து போட்டுடலாம்."

மாற்றுத்திறனாளி அடையாள அட்டையைச் சொல்கிறாள். அது இல்லாமல் திருத்தம் முடியாது. எண் போட வேண்டும், ஸ்கேன் ஏற்ற வேண்டும். ரூமில் வைத்தால் யாராவது பார்த்துவிடுவார்கள் என்று ஊரில் அம்மாவிடம் கொடுத்து வைத்திருந்தாள்.

"நானும் வர்றேன்" என்றேன்.

"நீங்க எதுக்கு?"

"சரிபார்க்க" என்றேன். நல்லவேளை, சிரித்தாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை தளி பஸ். ஜன்னல் கண்ணாடி ஒரு பக்கம் தடதடக்க, டிரைவர் ஒரு பக்கம் பாட்டு போட, நடுவில் ஒரு கூடை முட்டைக்கோஸ் என் காலில் இடிக்க, ஏற்றத்தில் வண்டி முக்கிக்கொண்டு போனது. மஞ்சுளா என் பக்கம் திரும்பி உட்கார்ந்து பேசிக்கொண்டே வந்தாள். நானும் நன்றாகத் திரும்பி உட்கார்ந்து பதில் சொல்லிக்கொண்டே வந்தேன். திடீரென்று நிறுத்தினாள்.

"ஆன்ட்டி, ஒண்ணு சொன்னா கோச்சுக்க மாட்டீங்களே?"

"சொல்லு."

"நீங்களும் வாயைப் பார்த்துத்தான் பேசறீங்க."

"என்னது?"

"நானு வாயைக் கையால மறைச்சுக்கினு பேசினா நீங்க 'என்ன, என்ன'ன்னு கேப்பீங்க. ரெண்டு மூணு தடவை செஞ்சு பார்த்திருக்கேன். குடி வந்த முதல் வாரமே எனக்குத் தெரியும். அதனாலதான் உங்ககிட்ட பேசறது எனக்கு ஈஸி."

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. எனக்கா? என் டைம் ஆபீஸே எங்கள் ஃபேக்டரியின் ப்ரெஸ் ஷாப் சுவரை ஒட்டித்தான் இருந்தது, உண்மை. இருபத்தாறு வருஷமும் அந்தச் சுவர் அதிர்ந்தது, அதுவும் உண்மை. டிவியை நான் வைக்கிற சத்தத்துக்கு, "நீ சீரியல் பாக்கறியா, இல்ல மூக்கண்டப்பள்ளிக்கே போட்டுக் காட்டறியா?" என்று வீட்டுக்காரர் கேட்பார். அதுவும்... சரி. ஆனாலும் எனக்கா?

"என் காது நல்லாத்தான் இருக்கு" என்றேன் விறைப்பாக.

"நானும் இதைத்தான் எல்லார்ட்டயும் சொல்லுவேன்" என்றாள். அதற்கப்புறம் தளி வரும் வரை நான் முட்டைக்கோஸையே பார்த்துக்கொண்டு வந்தேன்.

மஞ்சுளாவின் அம்மா ரோஜாத் தோட்டத்தில் வேலையாக இருந்தார். கையைக் கழுவிக்கொண்டு வந்தார். நல்ல குளிரில் சூடாகக் காபி கொடுத்தார். விஷயத்தை மகள் சொன்னதும் உள்ளே போய், புடவைப் பெட்டியின் அடியில் ஒரு பிளாஸ்டிக் கவர், அதற்குள் ஒரு துணி, அதற்குள்ளிருந்து அட்டையை எடுத்து வந்தார். எடுத்து வந்தாரே தவிர, கொடுக்கவில்லை. கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.

"எல்லாரிகூ கொத்தாகுத்தா?" என்று கேட்டார். எல்லோருக்கும் தெரிந்துவிடுமா?

முப்பது வருஷமாக ஓசூர்க்காரியான எனக்கு அந்த அளவு கன்னடம் புரியும். அந்தக் கேள்விக்குள் இருந்த மற்றதெல்லாமும் புரிந்தது. தேன்கனிக்கோட்டையிலிருந்து ஒரு வரன் பேசிக்கொண்டிருக்கிறார்களாம். அந்த வீட்டுக்கு இன்னும் சொல்லவில்லையாம். நாளைக்கு ரிசல்ட் வந்து, பெயருக்குப் பக்கத்தில் அந்தப் பிரிவும் வந்தால்?

நான் வாயைத் திறக்கப் போனேன். உபதேசம் செய்ய நமக்குச் சொல்லியா தர வேண்டும்? ஆனால், அம்மாவின் முகத்தைப் பார்த்தேன். மூலையை மடித்து மடித்து இந்தப் பயத்தைக் கொடுத்தவர்களில் நானும் ஒருத்தி. எந்த வாயால் பேசுவது? மூடிக்கொண்டேன்.

மஞ்சுளா அம்மாவின் கையிலிருந்து அட்டையை மெதுவாக வாங்கினாள். "கொத்தாகலி பிடம்மா" என்றாள்.

தெரியட்டும் விடும்மா. அவ்வளவுதான் சொன்னாள். அந்த அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு, "காபி ஆறுது, குடிங்க" என்று என்னிடம் தமிழில் சொன்னார்.

பஸ் ஸ்டாண்ட் பக்கத்தில் ஒரு கம்ப்யூட்டர் சென்டர் திறந்திருந்தது. ஓசூர் திரும்பும் வரை பொறுக்க எனக்குத் தைரியம் இல்லை. வழியில் பஸ் பஞ்சர் ஆனால்? சர்வர் படுத்துக்கொண்டால்? சென்டர்காரர் தெலுங்கும் கன்னடமும் தமிழும் கலந்து ஒரு எச்சரிக்கை கொடுத்தார். "ஒரே தடவைதான்மா மாத்த முடியும். சேவ் குடுத்துட்டா முடிஞ்சது. அப்புறம் அழுதாலும் நடக்காது."

பக்கம் திறக்க இருபது நிமிஷம் ஆனது. நடுவில் இரண்டு தடவை வெளியே தள்ளியது. மஞ்சுளா ஓடிபி எண்ணைப் படிக்கும்போது ஒரு எண்ணைத் தப்பாகச் சொல்லித் திருத்தினாள். நான் மட்டும் என்ன வாழ்ந்தேன்? கைப்பையின் வாரை முறுக்கிக்கொண்டிருந்தேன்.

அந்தக் கேள்வி வந்தது. மாற்றுத்திறனாளியா? 'இல்லை' என்ற வட்டத்தில் புள்ளி இருந்தது. சென்டர்காரர் மவுஸைப் பிடித்தார். "இருங்கண்ணா, நானு போடறேன்" என்று அவரை எழுப்பிவிட்டு அந்த நாற்காலியில் உட்கார்ந்தாள்.

உட்கார்ந்தவள் கூந்தலை அள்ளி மேலே தூக்கிக் கொண்டை போட்டாள். வெளியில் இருக்கும்போது அவள் கொண்டை போட்டு நான் பார்த்ததே இல்லை. காதுக்குப் பின்னால் அந்த மெஷின் நன்றாகத் தெரிந்தது. சென்டர்காரருக்கும் தெரிந்தது, வரிசையில் நின்ற நாலு பேருக்கும் தெரிந்தது. பின்னால் இருந்த ஒருத்தர் தன் ஆதார் வேலை எப்போது முடியும் என்று அலுத்துக்கொண்டார்.

'ஆம்' போட்டாள். வகை, சதவீதம், அட்டை எண், ஸ்கேன்... எல்லாம் ஏறியது.

"ஆன்ட்டி, சரிபார்த்துடுங்க."

பார்த்தேன். இந்தத் தடவை மேலிருந்து கீழே பார்த்தேன், கீழிருந்து மேலே பார்த்தேன், ஒவ்வொரு வரியிலும் விரலை வைத்துப் பார்த்தேன். 'ஆம்' என்ற அந்தச் சொல் வந்ததும் என் வலது கை விரல் இரண்டும் தானாக ஒன்றை ஒன்று தேடின. பழக்கதோஷம்! ஸ்கிரீனுக்கு மூலை இல்லையே மடிக்க...

"சரியா இருக்கு" என்றேன். சேவ் கொடுத்தாள்.

பரீட்சை இனிமேல்தான். எழுதுவாளா, தேறுவாளா, தேன்கனிக்கோட்டை வீட்டில் என்ன சொல்வார்கள்? எனக்குத் தெரியாது. ஆனால், இந்தத் தடவை அவள் அவளாகவே போய் எழுதுவாள். அது போதுமா என்றால் போதாதுதான். ஓசூரில் இன்னும் எத்தனை மேஜையில் எத்தனை மூலை மடிகிறதோ! ஒரே கேள்வியைத்தான் எல்லோரும் கேட்கிறார்கள். ஒருத்தர் இடம் கொடுக்கக் கேட்கிறார், ஒருத்தர் இடம் இல்லை என்று சொல்வதற்காகக் கேட்கிறார். பதில் எழுதுகிறவளுக்கு அது எப்படித் தெரியும்? 'இல்லை' போட்டுப் போட்டுப் பழகிய கை, நல்லது நடக்கிற இடத்திலும் 'இல்லை'தான் போடும். கையைக் குற்றம் சொல்லி என்ன ஆகப் போகிறது?

இத்தோடு முடித்திருப்பேன். செவ்வாய்க்கிழமை வீட்டுக்காரர் ஒரு தாளைக் கொண்டுவந்து நீட்டாமல் இருந்திருந்தால். குடியிருப்போர் சங்கத்தில் மூத்த குடிமக்களுக்கு மருத்துவ முகாமாம். ஆளுக்கொரு படிவம். சர்க்கரை உண்டா? இல்லை. ரத்தக் கொதிப்பு? இல்லை. மூட்டுவலி? இல்லை. கேட்கும் திறனில் குறைபாடு? இல்லை.

எழுதிவிட்டேன். கடகடவென்று. மை காய்வதற்குள் மாடிப்படியில் மஞ்சுளா இறங்கிப் போகிற செருப்புச் சத்தம்... கேட்டதா, கேட்டிருக்கும் என்று நினைத்தேனா, எனக்கே தெரியவில்லை.

'இல்லை'யை ஒரு கோடு போட்டு அடித்தேன். மேலே 'ஆம்' என்று எழுதினேன். பக்கத்தில் சின்னதாகக் கையெழுத்தும் போட்டேன் — அடித்து எழுதினால் போட வேண்டும் இல்லையா?